ஆசிரியர் ஹன்டி பேரின்பநாயகம்

1931ஆம் ஆண்டு ஜூன் மாதத்திலே இலங்கை மக்கள் முதன்முறையாகச் சர்வசன வாக்குரிமையைக் கையாண்டனர். இருபத்தொரு வயது நிரம்பிய ஆணும் பெண்ணும், உள்ளவரும் இல்லாதவரும், எழுத்தறிந்தவரும் அறியாதவரும் ஒருங்கே வாக்களிக்கலாம் என்னும் ஏற்பாடு, பிரித்தானியர் ஆண்ட ஆசிய நாடுகளுள் வேறெங்கும் அன்று இருந்ததில்லை. ஆயினும் அந்த ஜூன் மாதத்திலே எங்கள் சுருவிலில் ஒருவரும் வாக்களிக்கவில்லை. நாரந்தனையிலும் கரம்பொன்னிலும் வேலணையிலும் வாக்களிக்கவில்லை. தீவுப் பகுதியைத் தன்னகத்தே கொண்ட ஊர்காவற்றுறைத் தொகுதியில் நியமனப் பத்திரம் கொடுக்க ஒரு மனிதரேனும் முன்வராமையே இதற்குக் காரணம். யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, பருத்தித்துறை ஆகிய தொகுதிகளிலும் இதே கதைதான். புதிய அரசாங்க சபைக்கு மக்கள் தெரிந்தெடுக்க வேண்டிய 50 ஆசனங்களில் நான்கு வெறுமையாகக் கிடந்தன. ஒருவரும் கேளாத எலெக்சன் என்று எங்கள் ஊர் முதியவர்கள் அதனைக் குறிப்பிடுவதை நான் சிறுபிராயத்திற் கேட்டிருக்கிறேன்.

இக்காரியத்தைச் செய்வித்தவர்கள் யார்? பெருநிலக்காரரல்லர், முதலியார்களல்லர், நியாயவாதிகளின் சங்கமுமன்று. பள்ளியை விட்டு அப்போதுதான் வெளியேறிய வாலிபர்களும், இன்னும் வாங்கில் அமர்ந்து படித்துக்கொண்டிருந்த மாணவர்களும், அவர்களுக்குப் பாடஞ் சொல்லிக்கொடுத்த இளம் ஆசிரியர்கள் சிலருமே செய்தனர். அவர்களிற் பலருக்கு வாக்களிக்கும் வயதுகூட ஆகியிருக்கவில்லை. அக்கூட்டத்தின் நடுநாயகமாக விளங்கியவர் வட்டுக்கோட்டை யாழ்ப்பாணக் கல்லூரியில் ஆசிரியராயிருந்த ஹன்டி பேரின்பநாயகம். அப்போது அவருக்கு வயது 32.

பேரின்பநாயகம் மானிப்பாயைச் சேர்ந்தவர். 1899ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்திற் பிறந்தவர். ஹன்டி என்னும் பெயரைக் கேட்டு இன்றைய மாணவர் சிலர் வியப்படையலாம். அமெரிக்க மிஷனரிமாரின் தொடர்பால் கிறிஸ்தவரான யாழ்ப்பாணக் குடும்பங்களில் இத்தகைய பெயர்கள் மிகச் சாதாரணம். ஒருபாதி கடல்கடந்து வந்த பெயராகவும் மறுபாதி நல்ல சைவத் தமிழ்ப் பெயராகவும் இருப்பதைக் காணலாம். பேரின்பநாயகத்தின் வாழ்க்கையும் ஏறக்குறைய அப்படியே அமைந்தது. கிறிஸ்தவச் சூழலிற் பிறந்து வளர்ந்தவர், காந்தியடிகளை வழிகாட்டியாகக் கொண்டு, இறுதியில் ஓர் இந்துக் கல்லூரியின் அதிபராக அமர்ந்தார். அதனைப் பின்னர் சொல்லுகிறேன்.

அவர் படித்ததும் யாழ்ப்பாணக் கல்லூரியில். கொழும்புப் பல்கலைக்கழகக் கல்லூரியிற் பட்டம் பெற்றபின் படிப்பிக்க வந்ததும் அதே கல்லூரியில். 1823இல் தொடங்கிய வட்டுக்கோட்டைச் செமினரியின் வழிவந்த அக்கல்லூரி, தீவார்களாகிய எங்களுக்குப் பட்டணத்துக் கல்லூரிகளைவிட ஒருவகையிற் கிட்டியது. ஊர்காவற்றுறைத் துறையிற் படகேறிக் காரைநகரில் இறங்கி, பொன்னாலைப் பாலத்தைக் கடந்தால் வட்டுக்கோட்டை வந்துவிடும். அந்நாளில் அதன் அதிபராயிருந்தவர் அமெரிக்கரான ஜோன் பிக்னெல். 1916 முதல் 1936 வரை அவரே அதிபர். பிரித்தானிய அரசாங்கத்தின் அன்பையோ வெறுப்பையோ நாடி நிற்கவேண்டிய கட்டாயம் ஓர் அமெரிக்கருக்கு அவ்வளவாக இல்லை. ஓர் ஆசிரியர் பகலில் ஆங்கில இலக்கியம் படிப்பித்து, மாலையில் ஆங்கிலேய ஆட்சியை எதிர்த்துப் பேசுவதற்கு அக்கல்லூரியின் காற்று இடங்கொடுத்தது என்றே நான் எண்ணுகிறேன்.

1924ஆம் ஆண்டிலே பேரின்பநாயகமும் அவருடைய தோழர்களும் மாணவர் காங்கிரசைத் தோற்றுவித்தனர். அப்போது அவருக்கு வயது 25. அந்த ஆண்டை மனத்தில் இருத்திக்கொள்ளுதல் நன்று. 1919இல் இலங்கைத் தேசிய காங்கிரசின் முதல் தலைவராக வீற்றிருந்த சேர் பொன்னம்பலம் அருணாசலம், மேல் மாகாணத் தமிழருக்கு ஓர் ஆசனம் தருவதாகச் சொல்லப்பட்ட வாக்கு நிறைவேறாமையால் 1921இல் அதைவிட்டு விலகினார்; 1924 சனவரியில் காலமானார். சிங்களத் தலைவர்களும் தமிழ்த் தலைவர்களும் கைகோத்து நின்ற காலம் அத்துடன் முடிந்தது. அதன்பின் பெரியவர்களின் அரசியல் ஆசனக் கணக்காயிற்று. இத்தனை அவர்களுக்கு, இத்தனை எங்களுக்கு என்று பங்கு பிரிக்கும் பேச்சே எங்கும் கேட்டது.

வாலிபர்கள் அந்தக் கணக்கை ஏற்கவில்லை. இனவாரிப் பிரதிநிதித்துவம் வேண்டாம், இலங்கை முழுவதற்கும் சுயராச்சியம் வேண்டும் என்றார்கள். தாய்மொழியிலே கல்வி நடைபெற வேண்டும், தமிழ் மாணவர் சிங்களமும் கற்க வேண்டும், சுதேச உடையணிய வேண்டும், கதரை ஆதரிக்க வேண்டும், சாதிக் கொடுமை ஒழிய வேண்டும் என்றார்கள். ஆண்டுதோறும் மகாநாடு கூட்டினார்கள். தமிழகத்திலிருந்தும் தென்னிலங்கையிலிருந்தும் பேச்சாளரை அழைத்தார்கள். மூத்த ஆசிரியரும் அறிஞருமாகிய ஜே. வி. செல்லையா போன்றோர் இவர்களுக்கு ஆதரவாக நின்றனர். பின்னாளில் ஸ்கந்தவரோதயக் கல்லூரி அதிபராகப் புகழ்பெற்ற ஒறேற்றர் சி. சுப்பிரமணியம், செனற்றராகவும் சட்டத்துறையில் முதல்வரிசையினராகவும் திகழ்ந்த சு. நடேசன், கல்வியாளர் கே. நேசையா ஆகியோர் இப்பாசறையில் வளர்ந்தவர்களே.

சிங்களம் கற்கவேண்டும் என்ற தீர்மானத்தைப் பற்றி ஒரு வார்த்தை. யாழ்ப்பாணப் பட்டணத்திலே அது புதுமையாக ஒலித்திருக்கலாம். எங்கள் தீவுகளில் அப்படியன்று. வேலணையிலும் புங்குடுதீவிலும் நயினாதீவிலும் தென்னிலங்கை நகரங்களிற் கடை வைத்திராத குடும்பங்கள் குறைவு. பதின்மூன்று பதினான்கு வயதிலே கடைக்குப் போன பையன், ஓராண்டு கழிந்து ஊர் திரும்பும்போது சிங்களத்தில் விலை பேசுவான். நாட்டின் ஒற்றுமை என்பது அக்குடும்பங்களுக்கு மேடைப் பேச்சன்று, பிழைப்பு. பட்டதாரி வாலிபர்கள் புத்தகத்தின் வழியாகக் கண்டடைந்ததை எங்கள் கடைக்காரர் கல்லாப்பெட்டியருகில் நின்றே அறிந்திருந்தனர்.

1927 நவம்பரில் காந்தியடிகள் இலங்கைக்கு வந்தார். அவரை யாழ்ப்பாணத்துக்கு அழைப்பதிலும் கதர் நிதி திரட்டுவதிலும் மாணவர் காங்கிரஸ் முன்னின்றது. அம்மாதம் 26ஆம் நாள் தொடக்கம் 29ஆம் நாள் வரை அடிகள் யாழ்ப்பாணத்தில் இருந்தார்; கஸ்தூரிபாயும் இராசகோபாலாச்சாரியாரும் மகாதேவ தேசாயும் உடன் வந்தனர். உடுவில் மகளிர் கல்லூரி, இராமநாதன் கல்லூரி முதலிய இடங்களில் மாணவரிடையே பேசினார். கதர், மதுவிலக்கு, தீண்டாமை ஒழிப்பு என்னும் மூன்றையும் விடாது வற்புறுத்தினார். அந்நாட்களைக் கண்ணாற் கண்டவர் இன்று எவருமில்லை. ஆனால் என் பிள்ளைப்பருவத்தில் அவர்கள் நடுவயதினராக ஊரெங்கும் இருந்தனர். கூட்டத்தின் பெருமையையும் நெரிசலையும் அவர்கள் வருணிப்பார்கள். தீண்டாமை பற்றி அடிகள் சொன்னதை வருணித்தவர் மிகச் சிலரே.

இதிலேதான் பேரின்பநாயகத்தின் உண்மையான பெருமையை நான் காண்கிறேன். பொதுவாக அவரைப் பற்றிப் பேசுவோர் 1931ஆம் ஆண்டுப் பகிஷ்கரிப்பைப் பற்றியே பேசுவர். அதனைப் புகழ்வாரும் உளர், பழிப்பாரும் உளர். இரு சாராரும் அதற்கு முன்னே நடந்த, அதனினும் கடினமான ஒரு போராட்டத்தை ஒரு வரியிலே தாண்டிச் சென்றுவிடுகின்றனர்.

அன்றைய யாழ்ப்பாணத்துப் பள்ளிக்கூடங்களிலே தாழ்த்தப்பட்ட சமூகத்துப் பிள்ளைகள் பெரும்பாலும் நிலத்தில் இருந்தனர், அல்லது புறம்பான வாங்குகளில் இருந்தனர். சில பள்ளிகளில் அவர்களுக்கு இடமே இல்லை. விடுதிகளில் சேர்ந்து உண்பதென்பது நினைக்கவும் முடியாத காரியம். கிணற்றிலே கைவைக்க உரிமையில்லாத பிள்ளை தாகத்துக்குத் தண்ணீர் வார்ப்பாரை எதிர்பார்த்து நிற்கவேண்டும். மிஷன் பாடசாலைகளிலும் இவ்வழக்கம் வேரூன்றியிருந்தது என்பதை மறைத்துப் பயனில்லை. அரசாங்க உதவி பெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளும் சமமாக அமரவேண்டும் என்ற விதி 1929ஆம் ஆண்டளவில் வந்தபோது பெருங்குழப்பம் மூண்டது. விதியை நீக்கும்படி மனுக்கள் பறந்தன. பெற்றோர் பிள்ளைகளை மறித்தனர். சில பள்ளிக்கூடங்கள் தீக்கிரையாயின.

மாணவர் காங்கிரஸ் சமாசனத்தின் பக்கம் நின்றது. தன் மகாநாடுகளிலே சாதி வேறுபாடின்றி எல்லோரும் ஒரே பந்தியில் அமர்ந்துண்ணும் வழக்கத்தையும் ஏற்படுத்தியது. இன்று வாசிக்கும்போது இது ஒரு சிறு காரியமாகத் தோன்றலாம். எனக்குப் படிப்பித்த ஆசிரியர் ஒருவர் தம் வாலிபத்தில் அத்தகைய பந்தியில் இருந்துண்டவர். செய்தி அவருக்கு முன்னே கடல்கடந்து ஊருக்கு வந்துவிட்டது. தகப்பனார் அவரைத் திட்டவுமில்லை, அடிக்கவுமில்லை. விறாந்தையிலே தனியாக இலை போடச்செய்தார். குசினிக்குள் அவர் காலடி வைப்பதற்கு மாதங்கள் சென்றன. தாயார் சோற்றை இலையில் வைத்துவிட்டு ஒன்றும் பேசாது உள்ளே போய்விடுவாராம். இதைச் சொல்லும்போது அவர் சிரித்துக்கொண்டே சொல்வார். ஆனாலும் அம்மாவைப் பற்றிய பகுதி வரும்போது கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கொள்வார்.

ஆங்கிலேயனை எதிர்த்துக் குரலெழுப்பிய வாலிபனுக்கு ஊரிலே மாலை விழுந்தது. சமபந்தியில் இருந்துண்ட வாலிபனுக்கு வீட்டிலேயே இலை புறம்பாக விழுந்தது. முன்னதற்கு வேண்டியது உற்சாகம். பின்னதற்கு வேண்டியது வேறொன்று. தேசாதிபதி கொழும்பில் இருந்தார்; தகப்பனாரோ திண்ணையில் இருந்தார். அந்தத் தலைமுறை மாணவர் முதிர்ச்சி அடைந்தது கொடி பிடித்த இடத்திலன்று, அந்த விறாந்தையிலே என்பது என் துணிபு. தன் மாணவரை அந்த விறாந்தைவரை நடத்திச்செல்வதற்கு ஓர் ஆசிரியருக்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும் என்பதை, ஆசிரியத் தொழிலில் இருந்த நான் ஓரளவு அறிவேன். பெற்றோரின் தயவிலே நடக்கும் கல்லூரியில், பெற்றோரின் வழக்கத்தை எதிர்க்கும்படி பிள்ளைக்குச் சொல்வது தன் சோற்றில் தானே மண் போடுவதற்கு ஒப்பானது.

இனிப் பகிஷ்கரிப்புக்கு வருவோம். 1927இல் வந்த டொனமூர் ஆணைக்குழு 1928இல் தன் அறிக்கையை வெளியிட்டது. இனவாரிப் பிரதிநிதித்துவத்தை நீக்கியது. எல்லோருக்கும் வாக்குரிமை அளித்தது. ஏழு நிர்வாகக் குழுக்களைக்கொண்ட அரசாங்க சபையை வகுத்தது. ஆயினும் நிதி, சட்டம் முதலிய முக்கிய துறைகள் ஆங்கிலேய உத்தியோகத்தர் மூவர் கையிலேயே இருந்தன. இறுதி அதிகாரம் தேசாதிபதியிடம் தங்கியது. சுயராச்சியம் கேட்டவர்களுக்கு இது போதவில்லை. இந்தியாவிலோ 1930இல் உப்புச் சத்தியாக்கிரகம் நடந்து நாடே கொந்தளித்துக்கொண்டிருந்தது. வாலிபர் காங்கிரஸ் எனப் பெயர் மாறியிருந்த நம் மாணவர் காங்கிரஸ், 1931 ஏப்ரிலில் யாழ்ப்பாணத்திற் கூட்டிய மகாநாட்டுக்குத் தலைமை தாங்கக் கமலாதேவி சட்டோபாத்தியாயரை அழைத்தது. உப்புச் சத்தியாக்கிரகத்திற் பங்குபற்றிச் சிறைசென்று மீண்டிருந்த அம்மையாருக்கு அப்போது வயது 28. பெண்கள் பொதுமேடையேறுவது அரிதாயிருந்த யாழ்ப்பாணத்திலே ஓர் இளம்பெண் தலைமை வகித்தார் என்பதையும் ஈண்டுக் குறித்துக்கொள்ளலாம். அம்மகாநாட்டிலேதான், பூரண சுயராச்சியம் தராத இவ்வரசியலமைப்பின் கீழ் நடைபெறும் தேர்தலைப் பகிஷ்கரிப்பதென்ற தீர்மானம் நிறைவேறியது.

தீர்மானம் நிறைவேற்றுவது எளிது. ஆனால் அடுத்த சில கிழமைகளுள் நடந்ததை எவரும் எதிர்பார்த்திருக்க மாட்டார். தேர்தல் கேட்க எண்ணியிருந்த பெரியவர்கள் ஒருவர்பின் ஒருவராகப் பின்வாங்கினர். மே மாதத்தில் நியமனநாள் வந்தபோது நான்கு தொகுதிகளிலும் ஒரு பெயரும் இல்லை. தென்னிலங்கைத் தலைவர் சிலர் பாராட்டினர். பாராட்டினார்களேயன்றிப் பின்பற்றவில்லை. அங்கே தேர்தல் நடந்தது, சபை கூடியது, மந்திரிகள் எழுவர் தெரிவாயினர். அவர்களுள் வடபகுதித் தமிழர் எவருமில்லை.

இந்த வெற்றி எப்படிக் கிடைத்தது என்று நான் பலகாலம் யோசித்ததுண்டு. வாலிபர்களின் வாக்குவன்மை ஒரு காரணம், ஐயமில்லை. ஆனால் முழுக்காரணம் அதுவன்று. யாழ்ப்பாணத்துப் பெரியவர் பலருக்கும் டொனமூர்த் திட்டம் பிடிக்கவில்லை. அவர்களுக்குப் பிடிக்காத காரணம் வேறு. கூலிக்காரனுக்கும் தாழ்த்தப்பட்டவனுக்கும் பெண்ணுக்கும் வாக்குரிமை கொடுத்ததையும், இனவாரி ஆசனங்களை நீக்கியதையும் அவர்கள் வெறுத்தனர். சேர் பொன்னம்பலம் இராமநாதன்கூடச் சர்வசன வாக்குரிமையை எதிர்த்தவரே. அவர் 1930 நவம்பரில் மறைந்தார். வாலிபர் எதிர்த்ததோ அத்திட்டம் சுதந்திரத்தைக் குறைத்துத் தந்தது என்பதற்காக. ஒரு சாரார் அதிகம் கொடுத்துவிட்டார்கள் என்று சினந்தனர். மறு சாரார் குறைவாகக் கொடுத்தார்கள் என்று சினந்தனர். இருவரும் சேர்ந்து ஒரே கதவைச் சாத்தினர். கதவு சாத்தப்பட்டதை வாலிபர் தம் வெற்றியாகக் கண்டனர். உள்ளே தம்மோடு நிற்பவர் யாரென்று அவர்கள் அவ்வேளை திரும்பிப் பார்க்கவில்லை.

வாக்குரிமை முதன்முதலாகக் கிடைத்த ஆண்டிலே அதனைப் பயன்படுத்த முடியாமற் போனவர்களுள், சமபந்தியில் வாலிபர் யாரோடு சேர்ந்திருந்து உண்டார்களோ அந்த ஏழைமக்களும் அடங்குவர். பகிஷ்கரிப்பைப்பற்றி எனக்குள்ள மனக்குறை இதுதான். மந்திரிசபையில் இடம் போயிற்று என்பதன்று. நயினாதீவிலோ நெடுந்தீவிலோ பிறந்து, அதுவரை எந்த விஷயத்திலும் எவராலும் அபிப்பிராயம் கேட்கப்படாத ஒரு கிழவி, முதன்முதலாக வாக்குச்சாவடிக்குப் போயிருக்கக்கூடிய நாள் அது. அந்த நாள் அவளுக்கு மூன்று வருஷம் பிந்தியது. உதவிசெய்ய விரும்பிய கைகளே அதைத் தள்ளிவைத்தன.

ஆயினும் 1931ஆம் ஆண்டையே தமிழருடைய பிற்காலத் துன்பங்களுக்கெல்லாம் மூலமாகக் காட்டுவோரோடு நான் உடன்படேன். நான்கு ஆசனங்கள் நிரம்பியிருந்தால் பின்வந்தவை எல்லாம் மாறியிருக்கும் என்று கொள்வதற்கு ஆதாரமில்லை. 1934இல் இடைத்தேர்தல்கள் நடந்தன. பருத்தித்துறையில் ஜீ. ஜீ. பொன்னம்பலமும் எங்கள் ஊர்காவற்றுறையில் நெவின்ஸ் செல்வதுரையும் தெரிவாயினர். 1936இல் வேலணையைச் சேர்ந்த வைத்தியலிங்கம் துரைசுவாமி ஊர்காவற்றுறையின் பிரதிநிதியாகச் சென்று அரசாங்க சபையின் சபாநாயகராகவே அமர்ந்தார். 1947வரை அப்பதவியை வகித்தார். வடக்கின் ஆசனங்கள் நிரம்பியிருந்த அதே 1936இல்தான் தனிச் சிங்கள மந்திரிசபை அமைந்தது. ஆகவே வெற்று நாற்காலிமீது முழுப்பழியையும் சுமத்துதல் கணக்குக்கு ஒத்துவராது.

அடுத்து வந்த ஆண்டுகள் பேரின்பநாயகத்துக்குச் சோதனை ஆண்டுகள். ஐம்பதுக்கு ஐம்பது என்னும் கோரிக்கையை முன்வைத்துப் பொன்னம்பலம் யாழ்ப்பாணத்தை ஆட்கொண்டார். நேற்று வாலிபர் காங்கிரசின் பந்தலில் கைதட்டிய கூட்டம் இன்று அங்கே கைதட்டியது. காலத்தோடு ஒத்துப்போக விரும்பியிருந்தால் பேரின்பநாயகமும் போயிருக்கலாம். நாவன்மை இருந்தது, மாணவர் செல்வாக்கு இருந்தது. அவர் போகவில்லை. இனவாரி அரசியல் நாட்டைப் பிளக்கும் என்று 25 வயதிற் சொன்னதையே நாற்பதிலும் சொன்னார். வாலிபர் காங்கிரஸ் மெல்லமெல்லத் தேய்ந்தது. 1947ஆம் ஆண்டுப் பாராளுமன்றத் தேர்தலில் வட்டுக்கோட்டைத் தொகுதியிற் சுயேச்சையாக நின்று, தமிழ்க் காங்கிரஸ் அபேட்சகரான கே. கனகரத்தினத்திடம் தோல்வியடைந்தார். தாம் எத்தனையோ ஆண்டு படிப்பித்த ஊரே அவரைக் கைவிட்டது.

பகிஷ்கரிப்பின் தலைவர் தேர்தல் கேட்டுத் தோற்றதைப் பரிகசித்தவர்களும் இருந்திருப்பர். எனக்கு அதில் பரிகாசத்துக்கு இடமிருப்பதாகத் தோன்றவில்லை. சுதந்திரம் வாசற்படியில் வந்து நின்ற வேளை அது. 1931இல் அவர் கேட்டது கிடைக்கவிருந்தது. ஆகவே கேட்க நின்றார்.

1949ஆம் ஆண்டிலே கொக்குவில் இந்துக் கல்லூரி அவரை அதிபராக ஏற்றது. ஹன்டி என்ற பெயரைச் சுமந்த ஒருவரைச் சைவப் பெருமக்கள் தம் பிள்ளைகளுக்குத் தலைமையாசிரியராக்கினர் என்பது யாழ்ப்பாணத்தின் நல்ல செயல்களுள் ஒன்று. 1960வரை, பதினொரு வருஷம், அவர் அங்கே இருந்தார். கல்லூரி வளர்ந்தது. அரசியல் மேடையில் இழந்ததை அவர் வகுப்பறையில் தேடிக்கொண்டார் என்று சிலர் எழுதுவர். அப்படிச் சொல்வது பொருந்தாது. அவர் வகுப்பறையைவிட்டு என்றும் போகவில்லை; அரசியலும் அவருக்கு வகுப்பறையின் நீட்சியாகவே இருந்தது. ஆசிரியர் சங்கங்களில் முன்னின்று உழைத்தார். பிள்ளைக்குத் தாய்மொழியிலேயே கல்வி புகட்டவேண்டும் என்று, ஆங்கிலமே உத்தியோகத்துக்கு வழி என்று நம்பிய ஒரு சமூகத்தினிடையே ஓயாது வாதாடினார். ஆங்கிலத்திலே மிக்க புலமையுள்ளவர் இதைச் சொன்னமையால், ஆங்கிலம் வராததாற் சொல்கிறார் என்று தட்டிக்கழிக்க எவராலும் முடியவில்லை.

1956இல் சிங்களம் மட்டும் ஆட்சிமொழியானபோது அவர் கொக்குவிலில் அதிபராயிருந்தார். யாழ்ப்பாணத்துப் பிள்ளை சிங்களம் கற்கவேண்டும் என்று தாமாகவே விரும்பித் தீர்மானித்த ஒரு மாணவர் தலைமுறை அப்போது நடுவயதை அடைந்திருந்தது. அன்போடு கற்க விரும்பிய மொழி சட்டத்தின் கையிலேறி வந்தபோது அவர்களுக்கு எப்படியிருந்திருக்கும் என்பதை வாசகரின் ஊகத்துக்கு விடுகிறேன். எங்கள் தீவுகளின் கடைக்காரர்கள் 1958இல் உடுத்த உடுப்போடு கப்பலேறி ஊர் வந்து சேர்ந்ததை நான் சிறுவனாய்க் கண்டவன். அவர்கள் அனைவருக்கும் சிங்களம் நன்றாகத் தெரியும்.

சாதிப் போரிலும் அவருடைய தலைமுறை தொடங்கியதை முடிக்கவில்லை. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலின் வாசலில் தாழ்த்தப்பட்ட மக்கள் உட்செல்ல அனுமதி கேட்டு நின்றனர். உள்ளேயிருந்து கதவை மறித்தவர்களுள் படித்தவர்களும் இருந்தனர். சமாசனம் கேட்ட காலத்துக்கும் அதற்கும் இடையில் ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழிந்திருந்தன. விறாந்தையில் உண்ட என் ஆசிரியர் அச்செய்தியைப் பத்திரிகையில் வாசித்துவிட்டு, பத்திரிகையை நான்காக மடித்து மேசைமேல் வைத்தார். அன்று அவர் வேறொன்றும் வாசிக்கவில்லை.

1970களில் புதிய மாணவர் தலைமுறை ஒன்று எழுந்தது. பல்கலைக்கழக அனுமதியில் தரப்படுத்தல் புகுத்தப்பட்டதை எதிர்த்துத் தமிழ் மாணவர் பேரவை தோன்றியது. இவர்களும் தெருவில் இறங்கினர். இவர்களும் தேர்தல் அரசியலில் நம்பிக்கை இழந்தனர். ஆனால் ஐக்கிய இலங்கை என்ற சொல் இவர்கள் வாயில் வரவில்லை. 1976 மே மாதத்தில் தனிநாடு கோரும் தீர்மானம் நிறைவேறிய இடம் வட்டுக்கோட்டைத் தொகுதியைச் சேர்ந்த பண்ணாகம். பேரின்பநாயகம் படித்ததும், படிப்பித்ததும், தேர்தலில் நின்று தோற்றதும் அதே வட்டுக்கோட்டையில். அப்போது அவருக்கு வயது 77. அடுத்த ஆண்டு ஆகஸ்டில் தென்னிலங்கையெங்கும் தமிழர் தாக்கப்பட்டனர். அவ்வாண்டு டிசம்பரில் அவர் கண்மூடினார்.

அவருடைய மாணவர்களும் நண்பர்களும் சேர்ந்து 1980இல் ஒரு நினைவு மலர் வெளியிட்டனர். சாந்தசீலன் கதிர்காமர் அதனைத் தொகுத்து, வாலிபர் காங்கிரசின் வரலாற்றையும் அதிலே விரிவாக எழுதினார். மகாநாடுகளின் நடவடிக்கைகளும் தீர்மானங்களும் பேரின்பநாயகத்தின் கட்டுரைகளும் அதில் இடம்பெற்றன. மறு வருஷம், 1981ஆம் ஆண்டு மே 31ஆம் திகதி இரவு தொடங்கி, யாழ்ப்பாணப் பொதுநூல் நிலையம் எரிக்கப்பட்டது. தொண்ணூறாயிரத்துக்கு மேற்பட்ட நூல்களும் பழம்பத்திரிகைகளும் அதிற் சாம்பலாயின. எங்கள் தீவில் வீடுகளின் பெட்டகங்களில் இருந்த கடிதங்களும் துண்டுப்பிரசுரங்களும் 1990இல் மக்கள் இடம்பெயர்ந்தபோது போயின. நான் திரும்பிவந்து பார்த்தபோது சுருவிலில் என் ஆசிரியரின் வீட்டுக்குக் கூரையும் இல்லை, விறாந்தையும் இல்லை. 1931ஆம் ஆண்டு நான்கு தொகுதிகளில் ஏன் ஒருவரும் தேர்தல் கேட்கவில்லை என்று அறிய விரும்பும் மாணவர் இன்று முதலிற் தேடிச்செல்வது அந்த மலரைத்தான்.